மானிட்டரில் பார்த்த முகம்

மார்ச் 3, செவ்வாய்

"ஏனுங்க மேடம், புள்ள எப்பங்க இப்பிடிக் கறுத்துச்சு?"

தயாரிப்பாளர் கங்காதரன் இன்று காலை என்னிடம் கேட்டது இது.  வீட்டுக்கு வந்து குளித்துச் சாப்பிட்ட பிறகும் அது காதிலேயே இருக்கிறது.

வடபழனியில் டிஐ தொடங்கிய முதல் நாள். எடுத்து முடித்த படத்துக்கு ஷாட் ஷாட்டாக நிறமும் வெளிச்சமும் சரிசெய்கிற வேலை. அது முடிந்தால் ஒளிப்பதிவாளரான எனக்கு அந்தப் படத்தில் வேலை கிடையாது. இருட்டறையில் நான்கு பேர் இருந்தோம்: கங்காதரன் சார், இயக்குநர் இளம்பரிதி, கலரிஸ்ட் யாசின், நான். முதலில் போட்டது தூத்துக்குடி உப்பளக் காட்சி. நாயகி முத்துக்கனி நடுப்பகலில் உப்பு வாருகிறாள். பின்னால் கண்ணைக் குத்துகிற வெள்ளை. முன்னால் அவள் முகம், எப்படி இருக்குமோ அப்படி. உப்பு வெளிறிப் போகாமலும் முகம் இருண்டு போகாமலும் ஓர் இடத்தைப் பிடிக்க மூன்று நாள் ஆனது. இருபத்திரண்டு வருடத்தில் சரியாக வந்தது என்று நான் சொல்லக்கூடிய ஐந்தாறு ஷாட்களில் அதுவும் ஒன்று. வேறு யாரிடமும் இதைச் சொன்னதில்லை.

கங்காதரன் சார் ஈரோட்டு ஜவுளிக்காரர். குரலை உயர்த்தமாட்டார். காய்ச்சல்காரப் பிள்ளையை விசாரிப்பது போல அக்கறையாகத்தான் கேட்டார். எடுத்தது இப்படித்தான் என்றேன். மானிட்டரில் இப்படி இல்லையே என்றார். மானிட்டர் வேறு, படம் வேறு என்றேன். அவர் இளம்பரிதியைப் பார்த்தார். இளம்பரிதி கைப்பேசியைப் பார்த்தார். யாசின் என்னைப் பார்த்தார்.

வாஷிங் மெஷினில் தண்ணீர் வெளியேறவில்லை. துணியைக் கையால் பிழிந்து காயப்போட்டேன்.

மார்ச் 4, புதன்

இளம்பரிதி போன் செய்தார். சார் பயந்துபோயிருக்கிறார் என்றார். இளம்பரிதிக்குப் பயம் வந்தால் இப்படித்தான், இன்னொருவர் பயந்திருப்பதாகச் சொல்வார். நீங்கள் என்ன நினைக்கிறீர்கள் என்று கேட்டேன்.

"எனக்கும் பழகல மேம். எட்டு மாசமா எடிட்ல பாத்துட்டு இருந்த கனி இது இல்ல. நேத்து ஸ்க்ரீன்ல யாரையோ பாத்த மாதிரி இருந்துச்சு."

யாரையோ என்கிறார். கதாநாயகி வேண்டுமென்று தூத்துக்குடியில் ஆறு வாரம் அலைந்து, ஒரு நர்சரிப் பள்ளியில் ரைம்ஸ் சொல்லிக்கொடுத்துக்கொண்டிருந்த இந்தப் பெண்ணைக் கண்டுபிடித்தவர் அவர்தான். 'இந்த முகம்தான் மேம் படம்' என்று எனக்கு வாட்ஸப்பில் அனுப்பியதும் அவர்தான். செய்தி இன்னும் இருக்கிறது. தேடிப் பார்த்தேன். அவருக்கே திருப்பி அனுப்பவில்லை.

மார்ச் 6, வெள்ளி

மானிட்டர் வேறு, படம் வேறு என்று சுலபமாகச் சொல்லிவிட்டேன். அதை ஒழுங்காக எழுதிவைக்கிறேன்.

கேமராவில் பதிவாவது ஒன்று. தளத்தில் எல்லாரும் சூழ்ந்து நின்று பார்க்கிற மானிட்டருக்குப் போவது இன்னொன்று. இடையில் ஒரு சிறிய கோப்பு உண்டு. தொழிலில் அதை லட் என்பார்கள். பதிவானது கண்ணுக்கு எப்படித் தெரிய வேண்டும் என்று அது சொல்லும், பதிவானதைத் தொடாது. இந்தப் படத்துக்கு நான் இரண்டு தயாரித்தேன். ஒன்று எனக்கு. மற்றதில் முகங்களுக்கு மட்டும் வெளிச்சத்தை ஏற்றி, கொஞ்சம் சிவப்பும் சேர்த்திருந்தேன். அது மானிட்டருக்கு. என் உதவியாளர்கள் இரண்டாவதற்கு லட்டு என்று பெயர் வைத்திருந்தார்கள். 'சார் கார் வந்துருச்சு, லட்டு குடுத்தாச்சா?' என்று வாக்கி டாக்கியில் கேட்பார்கள். நானும் சிரித்திருக்கிறேன்.

எல்லா ஒளிப்பதிவாளர்களும் ஏதாவது ஒரு விதத்தில் செய்வதுதான் இது. என் இரண்டாவது படத்தில் ஒரு தயாரிப்பாளர் ஒவ்வொரு ஷாட்டுக்கும் எழுந்து வந்து, இன்னொரு லைட் போடச் சொன்னார். நான் வாதாடினேன். மறுநாள் அவருடைய மேனேஜர் வேறொரு கேமராமேனின் எண்ணை என் உதவியாளரிடமே கேட்டார். அதற்குப் பிறகு நான் யாரிடமும் வாதாடியதில்லை. அவர்கள் விரும்பியதை அவர்கள் பார்த்தார்கள், நான் விரும்பியதை நான் எடுத்தேன். புனிதா மேடம் அமைதியானவர், தளத்தில் சத்தமே கேட்காது என்று பெயர் வாங்கினேன். பதினான்கு படங்கள். அந்தப் படங்களின் நாயகிகள் மும்பையிலிருந்து வந்தவர்கள், லட்டுக்கும் படத்துக்கும் பெரிய வித்தியாசம் தெரியவில்லை.

நான் எம்.எஸ்ஸி. இயற்பியல் படித்தபோது ஆய்வகத்தில் முதல் நாளே சொல்லித்தந்தது: கருவியில் பூஜ்யப் பிழை, அதாவது எதையும் அளக்காதபோதே காட்டுகிற பிழை, இருந்தால் நோட்டின் முதல் வரியில் எழுது. எழுதிவிட்டால் கழித்துக்கொள்ளலாம். எடிட்டுக்குப் போகிற பிரதியில் இந்தக் கோப்பைச் சேர்க்க வேண்டாம் என்று கேமரா ரிப்போர்ட்டில் ஒரு வரி எழுதியிருக்க வேண்டும். எழுதவில்லை. சேர்த்துவிட்டார்கள். எட்டு மாதம் எடிட்டர், இயக்குநர், இசையமைப்பாளர், கங்காதரன் சார் வீட்டம்மா எல்லாரும் லட்டைத்தான் பார்த்திருக்கிறார்கள்.

எழுதியிருந்தால் அப்படி ஒரு கோப்பு இருப்பது எல்லாருக்கும் தெரிந்திருக்கும். மறந்துவிட்டேன் என்று வைத்துக்கொள்ளலாம்.

மார்ச் 7, சனி

மெக்கானிக் வந்தார். மெஷினின் அடிக்குழாயிலிருந்து ஒரு சேஃப்டி பின் எடுத்துத் தந்தார். மாலை மறுபடியும் தண்ணீர் வெளியேறாமல் நின்றது.

மார்ச் 9, திங்கள்

யாசின் மாதிரிக்கு ஒரு ஷாட் செய்து வைத்திருந்தார். முகத்தை மட்டும் ஒரு வட்டத்துக்குள் பிடித்து, அது நகர நகர வட்டத்தையும் கூடவே நகர்த்தி, உள்ளே மட்டும் வெளுப்பாக்குவது. கங்காதரன் சாருக்கு முகம் மலர்ந்துவிட்டது. "இப்பப் பாருங்க, நம்ம புள்ள வந்துருச்சு" என்றார்.

உப்பை இழுக்கிற வாருபலகையைப் பிடித்திருந்த கைகள் பழைய நிறத்திலேயே இருந்தன. வேறு ஒருத்தியின் கைகள் போல. அதைச் சுட்டிக்காட்டினேன். கையை யார் பார்க்கப்போகிறார்கள் என்றார் இளம்பரிதி.

அவர்கள் டீ குடிக்க வெளியே போனதும் யாசினிடம், இதை நீங்கள் செய்யச் சம்மதித்திருக்கக் கூடாது என்றேன். பன்னிரண்டு வருடப் பழக்கம் என்பதால் சொன்னேன். அவர் திரையிலிருந்து கண்ணை எடுக்கவில்லை.

"எல்லா படத்துலயும் எல்லா ஹீரோயினுக்கும் பண்றதுதான் மேம். அந்தக் கொடைக்கானல் படத்துல நீங்களே பண்ணச் சொன்னீங்க. அந்த அக்கா கேரக்டருக்கு."

எனக்கு நினைவில்லை என்றேன்.

நினைவிருக்கிறது. நாயகிக்குப் பக்கத்தில் அக்கா ரொம்பக் கறுப்பாகத் தெரிகிறாள், ஃபிரேம் சமனாக இல்லை என்று நினைத்தேன். ஃபிரேமுக்காகச் செய்தது அது.

மார்ச் 11, புதன்

டப்பிங்கில் நான்கு வரி சரிசெய்ய முத்துக்கனி வந்திருந்தாள். டப்பிங் அறை அதே கட்டடத்தில் கீழே. முடித்துவிட்டு மேலே வந்து, பார்க்கலாமா மேடம் என்று கதவோரம் நின்றாள். கங்காதரன் சார் இல்லை, இளம்பரிதியும் இல்லை. நான் மகிழ்ந்தேன் என்றே சொல்ல வேண்டும். இந்த ஒரு வாரமும் இவளுக்காகத்தான் அந்த அறையில் உட்கார்ந்திருக்கிறேன் என்று நினைத்துக்கொண்டிருந்தேன். யாசினிடம் மாதிரியை எடுத்துவிட்டு நான் எடுத்ததை அப்படியே போடச் சொன்னேன். ஒரு ரீல் முழுக்க, கிட்டத்தட்ட இருபது நிமிடம்.

 விளக்கு வந்ததும் யாசினுக்கு நன்றி சொன்னாள். நான் தண்ணீர் பிடிக்க வெளியே வந்தபோது பின்னாலேயே வந்தாள்.

"மேடம், ஒண்ணு கேக்கட்டா? உங்களுக்கு எம்மேல எதுவும் கோவமா?"

எதற்கு என்றேன்.

"இல்ல, ஷூட்டிங்ல நல்லாத்தான இருந்துச்சு. இப்போ இப்பிடி இருக்கே. நான் எதுவும் தப்பா நடந்துக்கிட்டேனோன்னு அங்க உக்காந்து யோசிச்சுப் பாத்தேன். அன்னைக்கு ஒரு நாள் லேட்டா வந்தம்லா, அதுவோன்னு…"

அப்படியெல்லாம் இல்லை, இதுதான் நிஜமாக எடுத்தது, உன் முகம் இதில்தான் முழுதாக இருக்கிறது என்று என்னென்னவோ சொன்னேன். தோலின் மேல் வெளிச்சம் தங்குவதைப் பற்றிக்கூடச் சொன்னேன். வகுப்பில் இருப்பது போல் தலையாட்டிக் கேட்டுக்கொண்டாள். பிறகு, "இது என்னைய மாதிரியே இருக்கு மேடம்" என்றாள். குறையாகத்தான் சொன்னாள்.

முதல் இரண்டு நாள் படப்பிடிப்பில் உடம்பெல்லாம் விறைத்துப்போய்க் கிடந்தவள் அவள். மூன்றாம் நாளிலிருந்து ஆளே மாறினாள். இளம்பரிதி கொடுத்த பயிற்சி என்று எல்லாரும் பேசிக்கொண்டோம். அப்படி இல்லையாம், இப்போதுதான் சொன்னாள். இரண்டாம் நாள் சாயங்காலம் மானிட்டரை மூடியிருந்த கறுப்புத் துணிக்குள் தலையை விட்டு முதன்முதலாகத் தன்னைப் பார்த்திருக்கிறாள். நாம் இப்படி இருப்போமா என்று தோன்றியதாம். மானிட்டரை யாருக்கும் தெரியாமல் போனில் படமெடுத்து அம்மாவுக்கு அனுப்பியிருக்கிறாள். அம்மா உப்பளத்துக்கு வேலைக்குப் போகிறவர். அந்தப் படத்தைத்தான் அவர் போனில் முகப்பாக வைத்திருக்கிறாராம். அதற்குப் பிறகு பயமே வரவில்லை என்றாள்.

இரண்டாம் நாள் சாயங்காலம் மானிட்டரில் போனது என் கோப்பு. அவளிடம் சொல்லியிருக்க வேண்டும். தண்ணீர் பாட்டில் நிரம்பி வழிந்துகொண்டிருந்தது. குழாயை மூடினேன்.

போகும்போது இன்னொன்றும் சொன்னாள். ஒரு பெரிய கம்பெனியில் அடுத்த படத்துக்கு அவளைப் பார்க்கிறார்கள். இந்தப் படத்தின் இரண்டு காட்சிகளைக் கேட்டிருக்கிறார்கள். எந்த இரண்டு, எப்படி இருப்பது என்பது அவளுக்கு முக்கியம். நர்சரி வேலையை விட்டுவிட்டாள்.

மார்ச் 12, வியாழன்

ஸ்டுடியோவுக்குப் போகவில்லை. காலையில் வெறும் வயிற்றில் ரத்தப் பரிசோதனை. பதிவு செய்த பெண் ஆதார் அட்டையைப் பார்த்து, என்னைப் பார்த்து, மறுபடியும் அட்டையைப் பார்த்தாள். ஆதார் எடுத்தவர்கள் என் கறுத்த முகத்துக்கு வட்டமெல்லாம் போடவில்லை. திருமண ஆல்பத்தில் போட்டு வெளுப்பாக்கியிருந்தார்கள். அது என்னிடம் இல்லை.

சர்க்கரை கொஞ்சம் கூடுதல்.

மார்ச் 14, சனி

கங்காதரன் சார் அலுவலகத்தில் கூட்டம். போகும் வழியில் ஆட்டோவில் ஒரு வாக்கியத்தைத் தயார் செய்துகொண்டேன்: முகத்தை மாற்றினால் டைட்டிலில் என் பெயர் வேண்டாம். சுருக்கமான வாக்கியம், சண்டை மாதிரி இல்லாத வாக்கியம்.

அவர் மோரும் சுண்டலும் வரவழைத்திருந்தார். மேடம் வெயிலில் வந்திருக்கிறார் என்று ஏசியைக் கூட்டச் சொன்னார். பிறகு என் பக்கம் நாற்காலியை இழுத்துப் போட்டுக்கொண்டு பேசினார்.

"நான் உங்க வேலையக் குத்தம் சொல்றனாக்கும்னு நெனைக்காதீங்க. அந்தப் புள்ளைக்கு ஒரு வழி பண்ணோணுமுங்க. இந்தப் படத்துல அது கறுப்பாத் தெரிஞ்சா, அடுத்தாப்புல எவன் கூப்புட்டாலும் வேலைக்காரி வேசத்துக்குத்தானுங்க கூப்புடுவான். உங்களுக்கு அவார்டு வரும். அதுக்கு?"

 அவர் சொன்னது தவறு என்று தெரியும். அவர் சொன்னதுதான் நடக்கும் என்றும் தெரியும். இளம்பரிதி சுண்டலில் தேங்காய்த் துண்டுகளை ஒதுக்கிக்கொண்டிருந்தார்.

தயார் செய்த வாக்கியத்தைச் சொல்லவில்லை. முகத்தில் பாதியளவு வெளிச்சம் ஏற்றலாம் என்றேன். மாதிரியில் இருந்ததில் பாதி. உடனே ஒத்துக்கொண்டார்கள். இவ்வளவு சீக்கிரம் ஒத்துக்கொண்டது எனக்குப் பிடிக்கவில்லை. இருபதாம் தேதி சென்சாருக்குப் போக வேண்டும், பத்தொன்பதுக்குள் முடித்துவிடுவோம் என்றார் இளம்பரிதி.

லட்டைப் பற்றி இன்றும் யாரிடமும் சொல்லவில்லை.

மார்ச் 16, திங்கள்

காலை ஒன்பதிலிருந்து மாலை ஆறு வரை. பாதி என்பது ஒரு ஷாட்டில் பாதியாகத் தெரிகிறது, அடுத்த ஷாட்டில் கால்வாசியாகத் தெரிகிறது. ஒரு ஷாட்டில் ஏற்றினால் அதற்கு எதிர் ஷாட்டிலும் ஏற்ற வேண்டும். மதியத்துக்குள் முக்கால் ஆகிவிட்டது. யாரும் வற்புறுத்தவில்லை. கங்காதரன் சார் ஈரோட்டில் இருந்தார், இளம்பரிதி பின்னால் சோபாவில் தூங்கிக்கொண்டிருந்தார். யாசினும் நானும்தான்.

உப்பளத்தில் கீழிருந்து ஒரு வெளிச்சம் வரும். உப்பு வெயிலை வாங்கித் திருப்பி அடிப்பது. அது தாடைக்கு அடியில், மூக்குத் துவாரத்தின் ஓரத்தில், கண்ணிமையின் கீழ்ப்பக்கம் விழும். கறுத்த தோலில் அது ஈயம் பூசியது போல் மின்னும். முகத்தை ஏற்ற ஏற்ற அந்த வெளிச்சம் காணாமல் போயிற்று. வேர்வையும் போயிற்று. கடைசியில், வெளியே வெயில் இருக்க, ஏசி அறைக்குள் நிற்கிற பெண் போல இருந்தாள்.

கைகளையும் செய்தேன். யாசின் விட்டுவிடலாம் என்றார். எழுபத்தொரு ஷாட்களில் கைகள் தெரிகின்றன. ஒவ்வொன்றிலும் தனியாகப் பிடித்து, முகத்தோடு பொருந்தும்படி, விரல் இடுக்குவரை. செய்வதென்றால் ஒழுங்காகச் செய்ய வேண்டும். யாராலும் கண்டுபிடிக்க முடியாது.

மார்ச் 17, செவ்வாய்

கால்கள், கழுத்து, காது.

மார்ச் 18, புதன்

எல்லாரும் வந்து பார்த்தார்கள். இடைவேளைவரை போட்டோம். முத்துக்கனி என் பக்கத்து இருக்கையில் இருந்தாள். பாதியில் என் கையைப் பிடித்துக்கொண்டாள்; விளக்கு வரும்வரை விடவில்லை. அவள் கை வியர்த்திருந்தது. இப்போதுதான் நம் படம் என்றார் இளம்பரிதி. கைகூட எவ்வளவு இயல்பாக இருக்கிறது பாருங்கள் என்று கங்காதரன் சாரிடம் காட்டினார். அந்தப் பெரிய கம்பெனிக்கு இன்றே இரண்டு காட்சிகளை அனுப்பிவிட்டார்கள்.

படத்தின் கடைசி ஷாட்டை மட்டும் நான் தொடவிடவில்லை. அதில் முத்துக்கனி, உப்பள வேலை முடிந்து எல்லாரும் போன பிறகு, பாத்தி வரப்பில் தனியாக உட்கார்ந்து கேமராவைத் திரும்பிப் பார்க்கிறாள். ஒன்றரை நிமிடம். வசனம் கிடையாது. அதை எடுத்தபடியே வைத்திருக்கச் சொல்லியிருக்கிறேன். நாளை காலை பதினொரு மணிக்கு இறுதிப் பார்வை. பார்த்ததும் நான் கையெழுத்துப் போட வேண்டும், பிறகு பிரதி எடுப்பார்கள்.

நாளை சொல்லப்போகிறேன். முதலில் முத்துக்கனியிடம், மற்றவர்கள் முன்னால்: நீ மானிட்டரில் பார்த்தது நான் செய்துவைத்த ஒரு கோப்பு, அப்படி ஒரு முகத்தைக் கேமரா ஒருநாளும் எடுக்கவில்லை, ஆனால் நீ நடித்ததெல்லாம் கேமராவில் இருக்கிற இந்த முகத்தில்தான் நடந்தது. பிறகு இயக்குநரிடமும் தயாரிப்பாளரிடமும்: தவறு என்னுடையது, உங்களை எட்டு மாதம் ஏமாற்றியிருக்கிறேன், மற்றதெல்லாம் உங்கள் விருப்பப்படி இருக்கட்டும், இந்த ஒன்றரை நிமிடத்தை விட்டுவிடுங்கள். விடவில்லை என்றால் பெயரை எடுத்துவிடுங்கள்.

இதை மூன்று முறை சத்தமாகச் சொல்லிப் பார்த்தேன். நாற்பது வினாடிதான் ஆகிறது. முத்துக்கனி என்ன சொல்வாள் என்று ஊகிக்க முடியவில்லை. கோபப்பட்டால் நல்லது.

மார்ச் 19, வியாழன்

பத்து இருபதுக்குப் போய்ச் சேர்ந்தேன். முத்துக்கனி முன்னாலேயே வந்திருந்தாள், கூடவே அவள் அம்மா. பெயர் பேச்சித்தாய். காலையில்தான் ரயிலில் வந்து இறங்கியிருக்கிறார். உள்ளே கம்பளம் விரித்திருப்பதைப் பார்த்து வாசலிலேயே செருப்பைக் கழற்றிவிட்டார். பாதங்கள் உப்பில் வெடித்து, வெடிப்புகள் வெள்ளையாக இருந்தன. என் வயதுதான் இருக்கும். கங்காதரன் சார் எழுந்து நின்று அவருக்கு முன்வரிசையில் இடம் கொடுத்தார்.

கடைசி ரீலைப் போட்டார்கள். உப்பு வாரும் காட்சி வந்தது. பேச்சித்தாய் முன்னால் சாய்ந்து, வாயில் சேலைத் தலைப்பை வைத்துக்கொண்டு பார்த்தார். மகள் பக்கம் திரும்பவே இல்லை.

"எம்மா, வெயிலே படாம வளத்த புள்ள மாதிரில்லா இருக்கா" என்றார்.

யாரிடமும் குறிப்பாகச் சொல்லவில்லை. மெதுவாகத்தான் சொன்னார். சின்ன வயதிலிருந்தே இவளை உப்பளத்துப் பக்கமே விட்டதில்லை, படிக்கவைத்தேன், குடை இல்லாமல் பள்ளிக்கூடம் போகவிடமாட்டேன் என்று சொல்லிக்கொண்டே போனார். முத்துக்கனி, சும்மா இரும்மா என்றாள். அவர் திரும்பி, இருட்டில் என் முழங்காலைத் தொட்டார்.

"நீங்கதான் படம் புடிச்சீயளா? நல்லா இருப்பீய."

அந்த இடத்தில் யாசின் நிறுத்தினார். அடுத்தது கடைசி ஷாட்.

"மேம், இது மட்டும் அப்படியே வெச்சிருக்கேன். போடட்டா?"

எல்லாரும் என்னைப் பார்த்தார்கள். கங்காதரன் சார், என்னங்க அது என்றார். முத்துக்கனியும் பார்த்தாள். பேச்சித்தாய் மட்டும் திரையிலிருந்து கண்ணை எடுக்கவில்லை. அது கறுப்பாக, காலியாக இருந்தது.

"அதையும் பண்ணிடுங்க யாசின்" என்றேன்.

 அவர் வட்டத்தைப் போட்டார். அவள் அதிகம் அசையாத ஷாட் என்பதால் நான்கு நிமிடத்தில் முடிந்தது. கழுத்தில் ஒரு கோடு தெரிந்தது. எழுந்து போய்ச் சுட்டிக்காட்டினேன், சரிசெய்தார். போட்டுக் காட்டினார்கள். தாளில் மூன்று இடத்தில் கையெழுத்துப் போட்டேன்.

பேச்சித்தாய் அதை இன்னொரு தடவை பார்க்க முடியுமா என்று கேட்டார். கங்காதரன் சார், எத்தன தடவ வேணும்னாலும் பாருங்கம்மா என்றார். மேலும் இரண்டு முறை போட்டார்கள். நானும் உட்கார்ந்து பார்த்தேன்.